இசையைக் கண்ணுக்குக் காட்டியவர்

"எதிர்காலத்தில் யான் ஆற்ற விரும்பும் தொழில்" என்னும் தலைப்பிற் கட்டுரை வரையுமாறு மேல்வகுப்பு மாணவரை நாம் ஆண்டுதோறும் பணிப்பதுண்டு. மருத்துவர், பொறியியலாளர், கணக்காளர், சட்டத்தரணி என்ற நான்கினுள் ஏறக்குறைய எல்லாக் கட்டுரைகளும் அடங்கிவிடும். ஆயின், அண்மைக்காலமாக ஒன்றிரண்டு கட்டுரைகள் வேறு வழி செல்லக் காண்கின்றோம். கமராவைக் கையிலேந்தி, பாடுவோரையும் வாத்தியம் இசைப்போரையும் படம்பிடித்தலே தமக்கு விருப்பமான தொழில் என அவற்றை எழுதிய மாணவர் கூறுகின்றனர். இதனையறிந்த பெற்றோர் சிலர் எம்மிடம் வந்து, "மாஸ்ரர், உதுவும் ஒரு தொழிலோ? உதாலே சோறு கிடைக்குமோ?" என்று வினவினர். வினா நேரியது. ஆமென்றோ அன்றென்றோ ஒரு சொல்லில் விடை கூறுதல் அரிது. ஆதலின், அத்தொழிலை ஏறக்குறைய ஐம்பதாண்டுகள் விடாது செய்து மறைந்த ஒருவரது வரலாற்றை இம்மலரில் எடுத்துரைக்க எண்ணினோம்.

அவர் பெயர் லெஸ் பிளாங்க். ஐக்கிய அமெரிக்காவின் தென்கிழக்கு மூலையிலுள்ள புளோரிடா மாநிலத்து ரம்பா நகரில் 1935 ஆம் ஆண்டு நவம்பர் 27 ஆந் திகதி பிறந்தார். கலிபோர்ணியாவின் பேர்க்கிலி நகரில் 2013 ஆம் ஆண்டு ஏப்பிரல் 7 ஆந் திகதி, தமது 77 ஆவது வயதிற் காலமானார். அவர் எடுத்தவை பெரும்பாலும் இசையைப் பற்றிய விவரணப் படங்கள். கதை கட்டாது, நடிகரை நடிக்கச் செய்யாது, உள்ள மாந்தரை உள்ளபடி காட்டும் படத்தையே விவரணப் படம் என்கின்றோம். அவற்றைச் 'சுயாதீனப் படங்கள்' என்றுஞ் சொல்வர். பெரிய படக்கம்பனியோ தொலைக்காட்சி நிலையமோ "இன்னதை எடு" என்று கட்டளையிட, அதன் சம்பளத்துக்கு எடுத்த படங்கள் அல்ல என்பதே இதன் பொருள். அவர் தாமே இயக்குநர். தாமே கமராவைத் தோளிற் சுமந்த ஒளிப்பதிவாளரும் ஆவர். இரண்டாவது தொழிலைப் பற்றியே நாம் இங்கு மிகுதியாகச் சொல்லப் புகுகின்றோம்.

இளமையில் அவர் கற்றது கமராத் தொழிலன்று. நியூ ஓர்லியன்ஸ் நகரத்து ரியுலேன் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம் பயின்று பட்டம் பெற்றார். பின்னர் அங்கேயே நாடகம் எழுதுங் கலையில் மேற்பட்டமும் பெற்றார். சுவீடன் நாட்டு இயக்குநர் இங்மார் பேர்க்மன் 1957 இல் எடுத்த 'ஏழாவது முத்திரை' என்னும் படத்தைக் கண்டதே அவரைத் திரைப்படத்தின்பாற் செலுத்தியது. லொஸ் ஏஞ்சல்ஸ் நகரிலுள்ள தென்கலிபோர்ணியப் பல்கலைக்கழகத்திற் சேர்ந்து திரைப்படம் பயின்றார். மொழியாசிரியராகிய எமக்கு இவ்விடத்தில் ஒரு சிறு மகிழ்ச்சி உண்டு. இலக்கியங் கற்றவர் கமராவைத் தூக்கினார் என்பதைச் சிலர் இறக்கமாகக் கருதலாம். ஆனால், பேசுவோர் எவ்விடத்திற் பேச்சை நிறுத்துவர், எச்சொல்லின் பின் மௌனம் வரும் என்று காத்திருக்குஞ் செவி அவருக்கு நாடகத்தால் வாய்த்தது என்றே நாம் எண்ணுகின்றோம்.

படிப்பு முடிந்ததும் ஹொலிவூட்டின் கதவுகள் அவருக்குத் திறந்துவிடவில்லை. கம்பனிகளின் விளம்பரப் படங்களையும் தொழிற்சாலைகளுக்கான அறிமுகப் படங்களையும் எடுத்து வயிறு வளர்த்தார். 1964 ஆம் ஆண்டளவில், ஜாஸ் இசையின் எக்காள வித்துவான் டிசி கில்லெஸ்பியைப் பற்றி ஒரு குறும்படம் எடுத்ததே இசைத்துறையில் அவரது முதல் முயற்சி. 1967 இல் 'பிளவர் பிலிம்ஸ்' என்னும் சொந்த நிலையத்தை நிறுவினார். நிலையம் என்றவுடன் மாடமாளிகையைக் கற்பனை செய்தல் வேண்டா. கமரா ஒன்று, படத்தை வெட்டி ஒட்டும் மேசை ஒன்று, கடன் கொஞ்சம், அவ்வளவே. சொந்த நிலையம் வந்த பின்னரும் கூலிவேலை ஓயவில்லை. 1970 இல் ஒரு பெருங் கோழிப்பண்ணைக் கம்பனிக்காக அவர் எடுத்த படத்தில், ஆயிரக்கணக்கான குஞ்சுகள் பொறியின்மேல் உருண்டு செல்லுங் காட்சியைக் காணலாம். அப்படம் ஈட்டிய காசு இசைப்படத்துக்குப் படச்சுருளாயிற்று.

இனி, அத்தொழிலின் உள்ளே சற்று நுழைவோம். இன்று கைத்தொலைபேசியிலேயே படமும் ஒலியும் ஒருங்கே பதிகின்றன. எந்தச் சிறுவனும் கோவில் வாசலில் நின்று தவிற்கச்சேரியை எடுத்துவிடுகின்றான். 1950 களில் நிலைமை அதுவன்று. ஒலியோடு படம்பிடிக்கும் கமரா பெரும்பாரமுடையது. அதன் இரைச்சல் ஒலிவாங்கியிற் புகாதிருத்தற்காக அதனைப் பெட்டிக்குள் இட்டு மூடுவர். ஆகவே, இசைவாணர்தாம் படக்கூடத்துக்குச் செல்லவேண்டியிருந்தது. கமரா அவர்தம் வீட்டுத் திண்ணைக்கு வருதல் இயலவில்லை. 1960 ஐ அடுத்த சில ஆண்டுகளில் இந்நிலை மாறியது. 16 மில்லிமீற்றர் அகலப் படச்சுருளில் ஓடும் அமைதியான கமராக்கள் வந்தன. பிரெஞ்சு நாட்டார் செய்த 'எக்ளேர்' அவற்றுட் சிறந்தது. தோளிற் பொருந்துமாறு அமைந்தது. சுவிற்சர்லாந்தில் ஸ்ரெபான் குடெல்ஸ்கி என்பார் ஆக்கிய 'நாக்ரா' என்னும் ஒலிப்பதிவுப் பெட்டியை ஒருவர் தோளில் மாட்டிக்கொண்டே நடக்கலாயிற்று.

படம் ஒரு கருவியிலும் ஒலி மற்றொரு கருவியிலும் பதியும்போது இரண்டும் ஒரே காலப்பிரமாணத்தில் ஓடவேண்டும் அல்லவா? கமராவிலே ஒரு விநாடிக்கு 24 சட்டகங்கள் ஓடுகின்றன. விநாடிக்கு ஒரு சட்டகம் பிந்தினாலும், ஒரு நிமிடத்தில் 60 சட்டகங்கள், அதாவது இரண்டரை விநாடி, வேறுபட்டுவிடும். பாடகர் வாய்திறப்பது ஒரு கணத்திலும் பாட்டுக் கேட்பது மறுகணத்திலுமாகப் படம் கெடும். பேச்சிற் சிறு பிழையைக் கண் பொறுக்கும், இசையிற் பொறாது. விரல் தந்தியைத் தொட்டு அரைவிநாடி கழித்து நாதம் எழுந்தால் எவரும் சிரிப்பர். பளிங்குத் துண்டின் அதிர்வைக் கொண்டு இரு கருவிகளின் வேகத்தையும் ஒன்றாக்கினர். தொடக்கத்தில் ஒரு கைதட்டலைப் படத்திலும் ஒலியிலும் பதித்து, அவ்விடத்தைக் கொண்டு இரண்டையும் பொருத்தினர். தாளம் போடுவோரின் தட்டுப் போன்றதே அது.

ஆயினும் பெருந்தடை வேறொன்று. 400 அடிப் படச்சுருள் ஏறக்குறைய 11 நிமிடத்தில் முடிந்துவிடும். சுருளை வாங்கவும் கழுவவும் பிரதியெடுக்கவும் தனித்தனியே காசு வேண்டும். வறியவரான ஒளிப்பதிவாளர் கமராவை ஓடவிட்டுக் காத்திருக்க முடியாது. நல்லது நிகழப்போகும் கணத்தை முன்னுணர்ந்து விசையை அழுத்தவேண்டும். கமராவும் ஒன்றே. பாடுவோர் முகத்தைக் காட்டினால் விரல் மறையும். விரலைக் காட்டினால் முகம் மறையும். எந்த வேளையில் முகத்தினின்று விரலுக்கு இறங்குவது என்பதை அவ்விசையின் இலக்கணம் அறிந்தவனே அறிவான். அமெரிக்கக் கறுப்பின மக்களின் 'புளூஸ்' என்னும் பாட்டு வகையை எடுத்துக்கொள்வோம். முதலடியைப் பாடுவர்; அதனையே மடித்து மறுமுறை பாடுவர்; மூன்றாமடி அதற்கு விடையாக வரும். ஒவ்வோரடியின் இறுதியிலும் குரல் ஓயக் கிற்றார் மறுமொழி சொல்லும். இதனை அறிந்த ஒளிப்பதிவாளர், குரல் ஓயுமிடத்தே கமராவைக் கைவிரலுக்கு நகர்த்துவார். அன்றியும், முதன்முறை தவறவிட்ட முகக்குறிப்பை அதே அடி மடங்கி வரும்போது பிடித்துக்கொள்ளலாம். இவ்வாறு யாப்பறிவு கமராவுக்கும் உதவுகின்றது என்பதை எம் மாணவர் ஊன்றி நோக்குக.

அக்காலத்தில் இசைப்படம் எடுத்த ஏனையோரும் உளர். டி. ஏ. பென்னிபேக்கர் 1967 இல் பொப் டிலனைப் பற்றிய படத்தையும், 1968 இல் மொன்ரறே இசைவிழாப் படத்தையும் வெளியிட்டார். மேசில்ஸ் சகோதரர் 1970 இல் வெளியிட்ட 'கிம்மி ஷெல்ரர்' என்னும் படத்திலே, இசைவிழாக் கூட்டத்தில் நிகழ்ந்த ஒரு கொலையே பதிவாகிவிட்டது. இவர்கள் பெரும்பெயர் பெற்றோரையும் பெருங்கூட்டத்தையும் தேடிச் சென்றனர். பிளாங்க் சென்றதோ பருத்திக் காட்டின் ஓரத்துத் திண்ணைகளுக்கு.

அவ்வாறு சென்ற முதற் பயணங்களுள் ஒன்று நகைப்புக்கும் சிந்தனைக்கும் உரியது. ரெக்சாஸ் மாநிலத்திலே ஹியூஸ்ரன் நகரில் வாழ்ந்தவர் லைற்னின் ஹொப்கின்ஸ். 1912 இல் சென்ரவில் என்ற சிற்றூரிற் பிறந்து, கிற்றாரும் கையுமாகத் திரிந்த புளூஸ் பாவலர். அவரைப் படமெடுக்க 1960 களின் பிற்பகுதியிற் பிளாங்கும் அவர் நண்பர் ஸ்கிப் கேர்சனும் சென்றனர். முதல் நாளில் ஹொப்கின்ஸ் சில பாட்டுகளைப் பாடினார். பாடி முடித்து, இசைத்தட்டுக் கம்பனிக்குப் பாடிக் கொடுத்துப் பழகியவர் ஆதலால், "வேலை முடிந்தது, போய்வாருங்கள்" என்றார். பிளாங்குக்கோ படத்தின் கால்வாசியும் ஆகவில்லை. அன்றிரவு அவரோடு சீட்டாட அமர்ந்த பிளாங்க், கையிலிருந்த காசையெல்லாம் தோற்றார். வென்றவர் உள்ளம் குளிர்ந்தது. மறுநாளும் வருமாறு பணித்தார். படம் தொடர்ந்தது. சீட்டாட்டத்தை நாம் இங்குப் பரிந்துரைக்கவில்லை. ஆசிரியர் எழுதுங் கட்டுரையில் அது தகாது. ஆனால், ஒரு முதிய கலைஞர் ஓர் அந்நியனைத் தம் வீட்டில் இருக்க விடுவது ஒப்பந்தத் தாளினால் அன்று என்பதற்கு இதனினும் தெளிவான சான்று எமக்குக் கிடைக்கவில்லை.

ஹொப்கின்ஸ் படம் ஏறக்குறைய அரைமணி நேரமே ஓடும். அதில் அவர் பாடுவது பாதி. மீதி, பிறந்த ஊரின் தெரு, குதிரையேற்ற விழா, அடுப்புப் புகை, சிறுவர் முகங்கள், வயலோரப் பூக்கள். "இவர் இன்ன ஆண்டு பிறந்தார், இன்ன பெருமை பெற்றார்" என்று ஒரு குரல் பின்னின்று உரைப்பதில்லை. பிளாங்கின் பெரும்பாலான படங்கள் இத்தகையன. எஞ்சிய பகுதிகளைக் கொண்டு 1969 இல் பத்து நிமிடக் குறும்படம் ஒன்றையும் ஆக்கினார். எட்டு வயதில், பருத்திக் காட்டு வேலையை விட்டுப் பாடிப் பிழைப்பதென ஹொப்கின்ஸ் துணிந்த கதையை அது சொல்லும்.

எம்மவர் அறிந்த ஓர் எடுத்துக்காட்டோடு இதனை ஒப்பிடலாம். பரதக்கலை வல்லார் பாலசரஸ்வதி அம்மையாரைப் பற்றி சத்யஜித் ராய் 1976 இல் 'பாலா' என்ற படத்தை எடுத்தார். ஒளிப்பதிவு செய்தவர் சௌமேந்து றோய். கடற்கரையிற் காற்றுச் சேலையை அலைக்க, கண்ணனை அழைத்து அம்மையார் ஆடும் பகுதி அதிலுண்டு. ஆனால் அப்படத்திலே ராய் தமது குரலால் வரலாற்றை விளக்கிச் செல்வார். அறியாதார்க்கு அது உதவிதான். பிளாங்கின் வழியோ விளக்கத்தை விட்டு, அருகில் இருத்திவிடுவது. எது மேல் என்று தீர்ப்புச் சொல்ல நாம் துணியோம். பாலசரஸ்வதி அம்மையாரின் கலைக்கு மரபு அறிந்தோர் உரை வேண்டியதே. பருத்திக் காட்டுப் பாட்டுக்கு அது வேண்டியதில்லை.

மான்ஸ் லிப்ஸ்கம் என்பார் மற்றொருவர். 1895 இற் பிறந்து, ரெக்சாஸ் மாநிலத்து நவசோற்றா என்னும் ஊரில் வாழ்நாள் முழுதும் வாரக்குடியாக உழுதவர். ஊர்க் கொண்டாட்டங்களிற் பாடுவதன்றி வெளியுலகம் அறியாதவர். 1960 இல், தமது 65 ஆவது வயதில், முதன்முதலாக ஓர் இசைத்தட்டுக்குப் பாடினார். அவரைத் தேடிக் கண்டவர்களுள் ஒருவர், ஜேர்மனியிலிருந்து 1947 இற் குடிபெயர்ந்து வந்த கிறிஸ் ஸ்ராக்விற்ஸ் என்னும் இளைஞர். அவர் தொடங்கிய 'ஆர்ஹூலி' இசைத்தட்டு நிலையத்தின் முதல் நெடுந்தட்டு லிப்ஸ்கம் பாடியதே. இந்த ஸ்ராக்விற்ஸ் பின்னாளிற் பிளாங்குக்கு நெருங்கிய கூட்டாளியானார். 'நன்கு கழிந்த வாழ்வு' எனப் பொருள்படும் பெயரோடு 1971 இற் பிளாங்க் எடுத்த லிப்ஸ்கம் படத்திலே, கிற்றார்த் தந்தியின் மேற் கத்தியை இழைத்து அம்முதியவர் நாதம் எழுப்பும் போது, உழுது காய்த்த கையைக் கமரா விட்டகலாது நிற்கும். லிப்ஸ்கம் 1976 இல் இறந்தார்.

லூசியானா மாநிலத்திற் பிரெஞ்சு பேசுங் கறுப்பின மக்களிடையே 'சைடிகோ' என்றோர் ஆட்ட இசை உண்டு. அதன் தலைவர் கிளிவ்ரன் செனியே அக்கோடியன் வாசிப்பார். அவருடைய தமையனார் கிளீவ்லண்ட், நெளிந்த தகரத்தாற் செய்த கவசமொன்றை மார்பிற் பூண்டு, போத்தல் திறக்கும் இரும்பால் அதனை உரசித் தாளம் எழுப்புவார். 1973 இல் வெளிவந்த 'ஹொட் பெப்பர்' என்ற படத்தில் இதனைக் காணலாம். அதே ஆண்டில் வந்த 'ட்றை வூட்' என்பது அம்மக்களது பழைய பிடில், அக்கோடியன் இசையைப் பற்றியது. அதிலே பன்றி அறுத்துச் சமைக்குங் காட்சி நெடியது. எம் கல்லூரிச் சூழலிலுள்ளோர்க்கு அது உவப்பான காட்சியன்று; நாமும் முகத்தைத் திருப்பிக்கொண்டோம். எனினும், கூடி உழைத்து, கூடிச் சமைத்து, அதன் முடிவிற் கூடி ஆடுவோர் இசையை அச்சமையலினின்று பிரித்துக் காட்டுதல் பொய்யாகும் என்பது அவர் கருத்து. 1978 இல் நியூ ஓர்லியன்ஸ் நகரைப் பற்றி எடுத்த படத்தில், பிணத்தை மெல்லிய இசையோடு கொண்டுசென்று, அடக்கஞ் செய்தபின் எக்காளம் முழங்க ஆடிக்கொண்டு திரும்பும் ஊர்வலம் வருகின்றது. சாவீட்டில் மேளம் ஒலித்தல் எம்மவர்க்குப் புதிதன்று. ஆடித் திரும்புதல்தான் வியப்பு.

இதுகாறும் சொன்னவை இத்தொழிலின் இனிய பக்கம். அதன் கசந்த பக்கத்தை அறியாது எவரும் இதனுள் இறங்கலாகாது.

1972 ஆம் ஆண்டில், அக்காலத்திற் பெரும்புகழோடு விளங்கிய லியன் ரசல் என்னும் பாடகரைப் பற்றிப் படமெடுக்கப் பிளாங்குக்கு அழைப்பு வந்தது. ஒக்லகோமா மாநிலத்தில் ஏரிக்கரையொன்றில் ரசலுக்கு ஒலிப்பதிவுக்கூடம் இருந்தது. பிளாங்கும், படத்தொகுப்பிற் புதிதாக அவருடன் சேர்ந்த மொறீன் கொஸ்லிங் என்னும் இளம்பெண்ணும் அங்கேயே தங்கினர். ஏறக்குறைய இரண்டாண்டுகள் கழிந்தன. ஒலிப்பதிவுக்கூடம், மேடைக் கச்சேரி, வில்லி நெல்சன், ஜோர்ஜ் ஜோன்ஸ் போன்ற பாடகர். இவற்றோடு, பாம்பு கோழிக்குஞ்சை விழுங்குவது, ஒருவர் கண்ணாடிக் குவளையைக் கடித்துத் தின்பது, பழைய கட்டடம் தகர்ந்து விழுவது எனக் கண்ணிற் பட்டனவெல்லாம் கமராவுட் புகுந்தன. 1974 இற் படம் முடிந்தது. கண்ட ரசலுக்கு அது பிடிக்கவில்லை. வெளியிட அவர் இசையவில்லை.

காசு கொடுத்தவர் அவர். படத்திலுள்ள பாட்டுகளும் அவருடையவை. சட்டம் யார் பக்கம் என்று ஆராய வேண்டியதேயில்லை. ரசல் செய்தது பிழையென நாம் சொல்லமாட்டோம். தம் முகத்தைத் தாம் விரும்பாத வகையிற் பிறர் காண்பதை மறுக்க ஒருவர்க்கு உரிமையுண்டு. ஆனால் இரண்டாண்டு உழைப்பு பெட்டிக்குட் போயிற்று. இலாபம் கருதாத அரங்குகளில், பிளாங்க் தாமே உடனிருந்தாற் மட்டும், தமது 16 மில்லிமீற்றர்ப் பிரதியைக் காட்டலாம் என்ற அளவிலேயே இசைவு கிடைத்தது. பிளாங்க் படச்சுருளைக் கையிற் சுமந்து ஊரூராகச் சென்றார். நாற்பதாண்டுகள் இவ்வாறு கழிந்தன.

சம்பளத்துக்கு எடுத்த கோழிப்பண்ணைப் படம் எங்குப் போயிற்றென்று எந்த ஒளிப்பதிவாளரும் கவலைப்படுவதில்லை. ஆனால் மனத்தை ஊற்றி எடுத்த படம் பிறர் பெட்டியிற் கிடப்பது வேறு. பிளாங்க் தமது ஏனைய படங்களிற் பலவற்றைத் தமது நிலையத்தின் பெயரிலேயே வைத்திருந்தமைக்கு இத்துன்பமும் ஒரு காரணமாதல் கூடும். அரசின் கலை நிதியங்கள் அளித்த கொடைகளையும் திரைப்பட நிறுவனங்களின் உதவிகளையும் வேண்டி விண்ணப்பம் எழுதினார். கொடை சிறிதாயினும் படம் தம்முடையதாக நிற்கும். நூலகங்களுக்கும் பல்கலைக்கழகங்களுக்கும் 16 மில்லிமீற்றர்ப் பிரதிகளை விற்றும் வாடகைக்கு விட்டும் பிழைத்தார். படங்காட்டும் இடத்து வாசலில், படத்தின் பெயர் பொறித்த சட்டைகளையும் விற்றார்.

காட்டும் வகையிலும் ஒரு புதுமை செய்தார். நியூ ஓர்லியன்ஸ் படம் ஓடும்போது அரங்கின் ஒருபுறம் சிவப்பு அவரையும் சோறும் சமைக்கச் செய்வார். 1980 இல் எடுத்த 'உள்ளி பத்துத் தாய்மாருக்கு நிகர்' என்ற படத்துக்கு, அரங்கினுள் உள்ளியை வாட்டி மணம் பரப்புவார். இதனை விளம்பர உத்தி என்று சிலர் இகழ்ந்திருக்கலாம். எமக்கு அது, கண்ணாலும் செவியாலும் தர முடியாத ஒன்றை மூக்கால் தரச் செய்த முயற்சியாகவே படுகின்றது. அப்படம் 2004 ஆம் ஆண்டில் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டிற் சேர்க்கப்பட்டது.

அப்பதிவேட்டில் அதற்கு முன்னரே, 1993 இல், இடம்பெற்ற அவரது மற்றொரு படம் 'சூலாஸ் பிறொன்ரேறாஸ்'. ரெக்சாசும் மெக்சிக்கோவும் கூடும் எல்லையில் வாழும் ஸ்பானிய மொழியினரின் இசை அதன் பொருள். 1976 இல் ஸ்ராக்விற்ஸ் தயாரிக்க, பிளாங்க் ஒளிப்பதிவு செய்தார். லிடியா மென்டோசா, பிளாக்கோ ஹிமெனெஸ் முதலிய கலைஞர் அதில் வருகின்றனர். தோட்டந் தோட்டமாகச் சென்று கூலிக்குக் காய்கனி பறிப்போரின் துயரம் அங்கே அக்கோடியன் ஒலியோடு கலந்து வரும். ஸ்ராக்விற்ஸ் இசைத்தட்டு விற்ற எல் செறிற்றோ நகரத்துக் கட்டடத்திலேயே பிளாங்கின் நிலையமும் இயங்கியது. ஒருவர் ஒலியைச் சேர்த்தார். மற்றவர் உருவைச் சேர்த்தார். இருவருக்கும் அதிற் பெருஞ்செல்வம் சேரவில்லை.

பிளாங்குக்கு உலகப் பெயர் தந்ததோ இசைப்படமன்று. ஜேர்மனிய இயக்குநர் வேர்ணர் ஹேர்சொக், பெரு நாட்டுக் காட்டிலே ஒரு நீராவிக் கப்பலை மலையின்மேல் இழுத்தேற்றிப் படமெடுத்தார். காட்டினுள் இசைநாடக அரங்கு கட்டக் கனவு காணும் ஒருவனது கதை அது. அந்தப் படப்பிடிப்பின் அல்லலைப் பிளாங்கும் கொஸ்லிங்கும் உடனிருந்து எடுத்த 'கனவுகளின் சுமை' 1982 இல் வந்து, பிரித்தானியாவின் பரிசும் பெற்றது. இதனைப் பற்றி எழுதியோர் பலராதலின் நாம் விரிக்கவில்லை.

முதுமையில் அவரும் படச்சுருளை விட்டுச் சிறிய எண்முறைக் கமராவுக்கு மாறினார். 2007 இல் கீனா லீபிறெக்ற் என்பாருடன் இணைந்து வெளியிட்ட படம் சீனத் தேயிலையைப் பற்றியது. தேயிலை நாட்டவராகிய எமக்குச் சுவை பயப்பது. சுருளின் விலைக்கு அஞ்சி விசையை அழுத்திய கைக்கு, ஓய்வின்றி ஓடும் கமரா கிடைத்தது. எடுப்பது எளிதாயிற்று, எடுத்ததனுள் வேண்டியதைத் தெரிந்தெடுப்பது முன்னையினுங் கடினமாயிற்று என்பதை அத்தொழிலிலுள்ள எவரும் ஒப்புக்கொள்வர்.

அவர் படம்பிடித்த முதியோர் ஒவ்வொருவராய் மறைந்தனர். ஹொப்கின்ஸ் 1982 இலும், கிளிவ்ரன் செனியே 1987 இலும் இறந்தனர். அவர்தம் குரலை இசைத்தட்டிற் கேட்கலாம். திண்ணையில் அமர்ந்த கோலத்தையும், பாட்டின் நடுவே அயலவரைப் பார்த்து அவர் நகைக்கும் நகையையும் அறிய வேண்டின், பிளாங்கின் படங்களையே நாடுதல் வேண்டும். அவருடைய 14 படங்கள் 2014 இல் ஒரே தொகுதியாக வெளிவந்தன. அதனைக் காண அவர் இருந்திலர்.

பெட்டியுட் கிடந்த ரசல் படத்தை அவர்தம் மகன் ஹறோட் மறக்கவில்லை. தாமும் படமெடுப்பவரான அவர், தந்தையார் மறைந்தபின் ரசலை அணுகி இசைவு பெற்றார். 2015 ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் ரெக்சாசின் ஓஸ்ரின் நகரத்து விழாவிலும், பின்னர் ஜூலை முதல் படமாளிகைகளிலும் அது காட்டப்பட்டது. பாம்பும் கண்ணாடி தின்பவரும் அப்படியே இருந்தனர். படம் முடிந்து 41 ஆண்டுகளும், எடுத்தவர் இறந்து இரண்டாண்டுகளும் ஆகியிருந்தன. ரசல் அடுத்த ஆண்டு நவம்பரிற் காலமானார்.